பொரிக்க எந்த எண்ணெய்? எவ்வளவு சூடு?

செக்கு எண்ணெய் விற்கிற உழவர் யாராக இருந்தாலும் இந்தக் கேள்வி அவர் காதில் விழுந்திருக்கும்: "தாளிக்க, குழம்புக்கு எல்லாம் உங்க எண்ணெய் நல்லாத்தான் இருக்கு. பலகாரம் சுட்டா மட்டும் பொங்குதே, சீக்கிரமா புகையுதே, ஏன்?" கேட்டவரே அடுத்து இதையும் சொல்வார்: "அதனால பொரிக்கிறதுக்கு மட்டும் பாக்கெட் எண்ணெய் வாங்கிக்கிறோம்."

திருவண்ணாமலைப் பக்கம் மானாவாரியில் மல்லாட்டை போட்டு, மரச்செக்கில் ஆட்டி, தெரிந்த குடும்பங்களுக்குக் கொடுத்து வருகிறேன். என் அனுபவத்தில், பண்டிகை மாதங்களில் ஒரு வீட்டில் செலவாகும் எண்ணெயில் பெரும்பங்கு வாணலிக்குத்தான் போகிறது. அந்த இடத்தில் நம் எண்ணெய் தோற்றுப்போனால், அது தாளிப்புக் கரண்டி அளவோடு நின்றுவிடும். இதில் இன்னொன்றும் இருக்கிறது. ஒரு வீட்டில் எண்ணெய் அதிகமாகச் சூடாவதும், அதிகமாகக் கெடுவதும், அதிகமாக உடம்புக்குள் போவதும் பொரிக்கும்போதுதான். எண்ணெய் விஷயத்தில் மற்ற எதையும்விட இங்கேதான் கவனம் வேண்டும்.

நம் ஆட்கள் இதற்கு இரண்டு விதமாகப் பதில் சொல்கிறார்கள். "செக்கு எண்ணெயில எது வேணாலும் சுடலாம், ஒண்ணும் ஆகாது" என்பது ஒன்று. "செக்கு எண்ணெய் சூடு தாங்காது, பொரிக்கவே கூடாது" என்பது மற்றொன்று. இரண்டும் பாதி உண்மைதான். நன்றாகக் காய்ந்த பருப்பில் ஆட்டி, நன்றாகத் தெளிய வைத்த புது எண்ணெயில், தீயை அடக்கி வைத்துத் தாராளமாகப் பலகாரம் சுடலாம். இந்த மூன்றில் ஒன்று குறைந்தாலும் சுடக் கூடாது. ஏன் என்று விளக்கத்தான் இந்தக் கட்டுரை.

வாணலிக்குள் என்ன நடக்கிறது?

எண்ணெயைக் காய வைத்து மாவைப் போட்டதும் மூன்று பேர் சேர்ந்து அதைத் தாக்குகிறார்கள். தண்ணீர், காற்று, சூடு.

முதலில் தண்ணீர். வடை மாவிலும் உருளைக்கிழங்கிலும் இருக்கிற ஈரம் ஆவியாகி வெளியே வருகிறது. அந்த ஆவி எண்ணெயை உடைத்து, கொழுப்பு அமிலங்களைத் தனித்தனியாகப் பிரித்து விடுகிறது. இவற்றைத் தனிக் கொழுப்பு அமிலம் என்பார்கள். இது கூடக் கூட எண்ணெய் சீக்கிரம் புகையும், தொண்டையைக் காறும்.

அடுத்தது காற்று. காற்றிலுள்ள ஆக்சிஜன் கொழுப்போடு சேர்ந்து அதைக் கெடுக்கிறது. ஜாடியில் நாள்பட்ட எண்ணெயில் வருகிற சிக்கு வாடை இதனால் வருவதுதான். குளிர்ந்த எண்ணெயில் மாதக்கணக்கில் நடக்கிற இந்தக் கேடு, கொதிக்கிற எண்ணெயில் சில மணி நேரத்தில் நடந்துவிடும். அப்போது ஆல்டிஹைடு என்ற வகைப் பொருட்கள் உண்டாகின்றன. இவற்றில் பல உடம்புக்கு ஆகாதவை.

மூன்றாவது சூடு. திரும்பத் திரும்பக் காய்கிற எண்ணெயின் மூலக்கூறுகள் ஒன்றோடொன்று பிணைந்து கெட்டியாகின்றன. பழைய எண்ணெய் கூழ் மாதிரி கனத்துப் போவதும், வாணலியின் விளிம்பில் பிசின் போல மஞ்சளாக ஒட்டிக்கொள்வதும் இதனால்தான். தேய்த்துத் தேய்த்துக் கழுவினாலும் போகாத அந்தப் பிசின், நாம் சாப்பிட்ட எண்ணெயிலும் இருந்ததுதான்.

எல்லா எண்ணெயும் ஒன்றல்ல

இந்தத் தாக்குதலைத் தாங்கும் வலு எண்ணெய்க்கு எண்ணெய் மாறும். வேலியை நினைத்துக்கொள்ளுங்கள். சந்தே இல்லாமல் கட்டிய வேலிக்குள் ஆடு நுழையாது. ஒரு சந்து இருந்தால் எப்போதாவது நுழையும். நாலு இடத்தில் சந்து இருந்தால் மந்தையே உள்ளே வந்துவிடும். கொழுப்பும் அப்படித்தான். சந்தில்லாதது நிறைவுற்ற கொழுப்பு. ஒரு சந்து உள்ளது ஒற்றை நிறைவுறாக் கொழுப்பு. பல சந்து உள்ளது பல நிறைவுறாக் கொழுப்பு. ஆக்சிஜன்தான் ஆடு.

நம் வீடுகளில் புழங்கும் எண்ணெய்களை இந்தக் கண்ணோடு பாருங்கள். இங்கே சொல்கிற அளவுகள் தோராயமானவை. ரகத்துக்கு ரகம், ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும்.

தேங்காய் எண்ணெயில் நூற்றுக்கு 90 பங்கு நிறைவுற்ற கொழுப்பு. பல சந்துக் கொழுப்பு 2 பங்குதான். காற்றால் எளிதில் கெடாது. கேரளத்திலும் குமரி மாவட்டத்திலும் நேந்திரங்காய் சிப்ஸைத் தேங்காய் எண்ணெயில் போடுகிறார்கள். அந்தச் சிப்ஸ் பல நாள் சிக்கு வாடை இல்லாமல் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். ஆனால் சுத்திகரிக்காத தேங்காய் எண்ணெய் 175 டிகிரி செல்சியஸ் பக்கத்திலேயே புகையத் தொடங்கும். அதனால் தீயை ஏற்றக் கூடாது.

கடலை எண்ணெயில் ஏறக்குறைய 20 பங்கு நிறைவுற்றது, 45 முதல் 50 பங்கு ஒற்றைச் சந்து, 30 பங்கு பல சந்து. எல்லாம் நடுத்தரம். வீட்டில் பொரிக்க இது நல்ல எண்ணெய்.

நல்லெண்ணெயில் பல சந்துக் கொழுப்பு 40 பங்குக்கு மேல் இருக்கிறது. கணக்குப்படி இது சீக்கிரம் கெட வேண்டும். ஆனால் கெடுவதில்லை. எள்ளில் இயற்கையாகவே இருக்கிற செசமோலின் என்ற பொருள் சூட்டில் உடைந்து செசமால் ஆகிறது. அது ஆக்சிஜனைத் தடுத்து நிறுத்துகிறது. ஊறுகாய்க்கும் இட்லிப் பொடிக்கும் நம் முன்னோர் நல்லெண்ணெயைத் தேர்ந்தெடுத்தது சும்மா இல்லை. முறுக்கு, தட்டை போன்றவற்றை மிதமான சூட்டில் இதில் சுடலாம். ஆனால் நன்றாகத் தெளிந்திருக்க வேண்டும். எள் ஆட்டும்போது கருப்பட்டி சேர்க்கிறோம். சரியாகத் தெளியாவிட்டால் அதன் கசடு அடியில் தங்கிக் கருகும்.

சூரியகாந்தி எண்ணெயில் பல சந்துக் கொழுப்பு 60 பங்குக்கு மேல். சோயா எண்ணெயிலும் 60 பங்கை ஒட்டித்தான் இருக்கிறது. பொரிப்பதற்கென்றே பலரும் வாங்குகிற பாக்கெட்டுகள் இவைதான். சூட்டில் காற்றுக்கு அதிகமாக இடம் கொடுப்பவையும் இவைதான்.

பாமாயிலைப் பற்றியும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கடையில் கிடைக்கும் பாமோலினில் நிறைவுற்ற கொழுப்பு 40 பங்குக்கு மேல். பல சந்துக் கொழுப்பு 10 பங்கை ஒட்டித்தான். சூட்டில் அது சுலபமாகக் கெடாது. டீக்கடைக்காரரும் சிப்ஸ் கம்பெனியும் அதை விரும்புவதற்கு மலிவு மட்டும் காரணமில்லை. நமக்கும் பாமாயிலுக்கும் உள்ள வழக்கு வேறு. நம் நிலத்தில் விளைகிற மல்லாட்டையும் எள்ளும் தேங்காயும் விலை போகாமல் கிடக்க, கடல் கடந்து வருகிற எண்ணெய் நம் அடுப்பில் ஏறியிருக்கிறது என்பதே வழக்கு. அதைச் சொல்வோம். "பாமாயில் சூடு தாங்காது" என்று தவறான காரணம் சொன்னால், விவரம் தெரிந்தவர் முன்னால் நம் சரியான வாதமும் எடுபடாமல் போகும்.

கலப்பு பற்றியும் ஒரு வார்த்தை. தேங்காய் எண்ணெயை வேறு எண்ணெயோடு கலந்து காய்ச்சாதீர்கள். தனித்தனியாக ஒழுங்காக இருக்கிற இரண்டும் சேர்ந்தால் நுரைத்துப் பொங்கும். பழைய தேங்காய் எண்ணெய் ஒட்டியிருக்கிற வாணலியில் கடலை எண்ணெயை ஊற்றினால்கூட இந்தத் தொல்லை வரலாம்.

புகையாத எண்ணெயெல்லாம் நல்ல எண்ணெயா?

சுத்திகரித்த எண்ணெய் விற்பவர்கள் சொல்கிற பெரிய பெருமை, "எங்க எண்ணெய் 230 டிகிரி வரைக்கும் புகையாது" என்பது. அது உண்மைதான். சுத்திகரிக்கும்போது தனிக் கொழுப்பு அமிலத்தைக் காரம் போட்டு எடுத்துவிடுகிறார்கள். பிசினை எடுக்கிறார்கள், நிறத்தை வெளுக்கிறார்கள். கடைசியில் 200 டிகிரிக்கு மேல் சூடாக்கி, நீராவியைச் செலுத்தி வாடையையும் எடுத்துவிடுகிறார்கள். புகைவதற்கு அதில் ஒன்றும் மிச்சமில்லை.

ஆனால் புகைவது வேறு, கெடுவது வேறு. சூரியகாந்தி எண்ணெய் 180 டிகிரியில் புகையாமல் அமைதியாகத்தான் இருக்கும். அந்த அமைதிக்குள்ளேயே ஆக்சிஜன் சந்து சந்தாக நுழைந்துகொண்டிருக்கும். வாடையையும் நிறத்தையும் முன்பே எடுத்துவிட்டதால் கெடுவது மூக்குக்கும் கண்ணுக்கும் சீக்கிரம் தெரிவதில்லை. நம் எண்ணெய் சூடு மிஞ்சியதும் புகைந்து, "போதும், தீயைக் குறை" என்று சொல்லிவிடும்.

அதற்காக நம் எண்ணெய் புகைந்தால் பரவாயில்லை என்று அர்த்தமில்லை. புகைந்தால் கெட்டுவிட்டது என்றே அர்த்தம். கண்ணைக் கரிக்கிற அந்தப் புகையில் அக்ரோலின் என்ற நச்சுப்பொருள் இருக்கிறது. அடுப்பருகே மணிக்கணக்கில் நின்று பலகாரம் சுடுகிற நம் வீட்டுப் பெண்கள்தான் அதை மூச்சில் இழுக்கிறார்கள்.

சுத்திகரிக்காத கடலை எண்ணெய்க்குப் புகை வரும் சூடு 160 டிகிரி என்று பட்டியல்களில் போட்டிருக்கும். இதைக் கல்லில் பொறித்த எண்ணாக எடுத்துக்கொள்ள வேண்டாம். தனிக் கொழுப்பு அமிலம் நூற்றுக்கு 1 பங்கு இருந்தால் புகை ஏறக்குறைய 160 டிகிரியில் கிளம்பும். 0.1 பங்காகக் குறைந்தால் 200 டிகிரி வரை தாங்கும். அதாவது, ஒரே செக்கில் ஆட்டிய இரண்டு கடலை எண்ணெய்களில் ஒன்று வடை சுடும் சூட்டைத் தாங்கும், இன்னொன்று தாங்காது. வித்தியாசம் பருப்பில் இருக்கிறது. அதற்குப் பிறகு வருகிறேன்.

ஏன் பொங்குகிறது?

செக்கிலிருந்து வரும் புது எண்ணெயில் மூன்று விருந்தாளிகள் கூடவே வருவார்கள். கொஞ்சம் ஈரம், கண்ணுக்குத் தெரியாத பருப்புத் தூள், பாஸ்போலிப்பிட் என்ற பிசின் வகை. சோப்பு நுரைப்பது மாதிரி இந்தப் பிசின் ஆவியைப் பிடித்து நுரையாக நிறுத்துகிறது. பருப்புத் தூள் அடியில் தங்கிக் கருகி, எண்ணெயைக் கறுப்பாக்குகிறது. பொங்குவதற்கும் சீக்கிரம் கறுப்பதற்கும் இவ்வளவுதான் காரணம். கலப்படம் இல்லை, செக்கின் குற்றமும் இல்லை.

இதற்கு மருந்து பொறுமை. ஆட்டிய எண்ணெயை அகன்ற எவர்சில்வர் பாத்திரத்தில் ஊற்றி, வாயை வெள்ளைத் துணியால் கட்டி, மூன்று நாலு நாள் வெயிலில் வையுங்கள். ஈரம் போகும், கசடு அடியில் படியும். ஆடாமல் அசையாமல் மேலே தெளிந்ததை மட்டும் வேறு பாத்திரத்துக்கு மாற்றுங்கள். பிறகு நிழலில் ஒரு வாரம் வைத்து மறுபடியும் ஒருமுறை இறுத்துக்கொண்டால் பொரிக்க ஏற்ற எண்ணெய் தயார். வெயில் தெளிவதற்கு மட்டும்தான். தெளிந்த பிறகு எண்ணெய்க்கு வெளிச்சமே பகை. கண்ணாடி பாட்டிலில் ஊற்றிக் கடை வாசலில் பளபளவென்று அடுக்கி வைக்காதீர்கள். எவர்சில்வர் தூக்கு, பீங்கான் ஜாடி, கறுப்பு கண்ணாடி பாட்டில் நல்லது. செம்பு, பித்தளைப் பாத்திரம் வேண்டாம். செம்பு பட்டால் எண்ணெய் வேகமாகச் சிக்கு பிடிக்கும்.

அடியில் தங்கிய கசட்டு எண்ணெய் வீணில்லை. அதைத் தாளிக்கவும் குழம்புக்கும் முதலில் செலவழியுங்கள். மேல் தெளிவைப் பலகாரத்துக்கு ஒதுக்குங்கள்.

அடுப்பில் வைத்த பிறகும் செய்ய ஒன்று இருக்கிறது. எடுத்தவுடன் பெருந்தீயில் வைக்காமல், முதல் ஐந்து நிமிடம் சிறு தீயில் காயவிடுங்கள். மிச்சமிருக்கிற ஈரம் சடசடத்து அடங்கும். பிறகு கொட்டையும் நாரும் இல்லாத சுண்டைக்காய் அளவு புளியைப் போட்டு, கறுத்ததும் எடுத்துவிட்டுச் சுட ஆரம்பிக்கலாம். எங்கள் வீட்டுப் பெரியவர்கள் செய்து வந்தது இது. நுரை நன்றாக மட்டுப்படுகிறது.

நுரையிலும் இரண்டு வகை உண்டு. புது எண்ணெயில் வரும் நுரை பெரிய பெரிய குமிழியாக இருக்கும். ஒன்றிரண்டு ஈடு எடுத்ததும் தானாக அடங்கிவிடும். பழைய எண்ணெயில் வரும் நுரை பொடிப் பொடியாக, மஞ்சளாக, மாவை எடுத்த பிறகும் அடங்காமல் விளிம்பு வரை ஏறும். முதல் நுரைக்குப் பயப்பட வேண்டாம். இரண்டாவது நுரையைப் பார்த்தால் அந்த எண்ணெயோடு கணக்கை முடித்துக்கொள்ளுங்கள்.

எவ்வளவு சூடு?

செக்கு எண்ணெயில் பலகாரம் சுட 160 முதல் 175 டிகிரி போதும். வீட்டில் வெப்பமானி இருப்பதில்லை, தேவையும் இல்லை. ஒரு சிட்டிகை மாவைக் கிள்ளிப் போடுங்கள். அடியிலேயே கிடந்தால் இன்னும் காயவில்லை. கொஞ்சம் இறங்கி, சுற்றிலும் குமிழியோடு நிதானமாக மேலே வந்தால் பதம். போட்ட கையோடு மேலே பாய்ந்து சிவந்தால் சூடு அதிகம். அடுப்பை அணைத்து ஒரு நிமிடம் ஆறவிடுங்கள். எண்ணெயின் மேல் மெல்லிசாகப் புகை ஆடினால் எல்லை தாண்டியாகிவிட்டது.

அதிரசத்துக்குச் சிறு தீ. உள்ளே வேகவும் வேண்டும், வெல்லம் கருகவும் கூடாது. முறுக்குக்கும் தட்டைக்கும் மிதமான தீ. வடைக்கு அதைவிடக் கொஞ்சம் கூடுதல். பூரியும் அப்பளமும்தான் அதிகச் சூடு கேட்பவை. அவற்றைக் கடைசியில் போட்டு, நாலைந்து நிமிடத்தில் முடித்துக்கொள்ளலாம். அப்பளத்தைத் தணலில் வாட்டிச் சாப்பிட்டால் எண்ணெயே வேண்டாம்.

சூடு குறைந்தாலும் நஷ்டம்தான். சரியான சூட்டில் மாவுக்குள்ளிருந்து ஆவி வேகமாக வெளியே தள்ளும்போது எண்ணெய் உள்ளே போக முடியாது. சூடு குறைந்தால் அந்தத் தள்ளல் குறையும், பலகாரம் எண்ணெய் குடிக்கும். எடுத்த பிறகும் குடிக்கும். ஆறும்போது உள்ளிருக்கும் ஆவி சுருங்கி, மேலே ஒட்டியிருக்கிற எண்ணெயை உள்ளே இழுத்துக்கொள்ளும். அதனால் ஜல்லிக் கரண்டியில் எடுத்ததும், சூடு இருக்கும்போதே நன்றாக உதறி வடியவிட வேண்டும். ஆறிய பிறகு காகிதத்தில் ஒற்றி அவ்வளவாகப் பயனில்லை.

வாணலி அகலமாக இருக்க வேண்டாம். குழிவான, வாய் குறுகிய, நன்கு பழகிய இரும்புச் சட்டி நல்லது. குறைந்த எண்ணெயில் ஆழம் கிடைக்கும், காற்றுப் படும் பரப்பும் குறையும். பாதிக்கு மேல் எண்ணெய் ஊற்றாதீர்கள். ஒரே ஈட்டில் நிறையப் போட்டால் சூடு சட்டென்று இறங்கும், பிறகு தீயை ஏற்றத் தோன்றும். கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டால் ஒரே தீயில் வேலை முடியும். காய்கறி, கிழங்கு எதுவானாலும் ஈரம் துடைத்துவிட்டுப் போடுங்கள். உதிரும் மாவுத் துகளை ஒவ்வொரு ஈட்டுக்கும் அரித்து எடுங்கள். கருகிய துகள்தான் எண்ணெயைக் கறுக்க வைக்கிறது. உப்பை முடிந்தவரை பொரித்த பிறகு தூவுங்கள்.

நிறத்தையும் கவனியுங்கள். உருளைக்கிழங்கு போன்ற மாவுச்சத்துப் பொருட்களை 120 டிகிரிக்கு மேல் பொரிக்கும்போது அக்ரிலமைடு என்ற பொருள் உண்டாகிறது என்று 2002இல் சுவீடன் ஆய்வாளர்கள் அறிவித்தார்கள். எந்த எண்ணெயாக இருந்தாலும் இது நடக்கும். கருஞ்சிவப்பாகும் வரை விட்டால் அதிகமாகும். பொன்னிறத்தில் எடுப்பது ருசிக்கும் நல்லது, உடம்புக்கும் நல்லது. உருளைக்கிழங்கைக் குளிர்பெட்டியில் வைத்தால் அதில் சர்க்கரை கூடி, பொரிக்கும்போது இந்தப் பொருளும் கூடும். வெளியிலேயே, இருட்டில் வையுங்கள்.

மிச்ச எண்ணெயை என்ன செய்வது?

ஒருமுறை சுட்ட எண்ணெயை ஆறவைத்து, மெல்லிய துணியில் வடிகட்டி, தனிப் பாத்திரத்தில் மூடி வையுங்கள். இரண்டு மூன்று நாளுக்குள் தாளிக்கவோ பொரியலுக்கோ தீர்த்துவிடுங்கள். இன்னொரு முறை பொரிப்பதானால் அதோடு சரி. புது எண்ணெய் ஜாடியில் திரும்ப ஊற்றவே ஊற்றாதீர்கள். உறை மோர் பாலைத் தயிராக்குவது மாதிரி, கொஞ்சம் பழைய எண்ணெய் மொத்தப் புது எண்ணெயையும் சீக்கிரம் கெடுக்கும்.

சுடும் அளவுக்கு மட்டும் எண்ணெய் வைப்பதுதான் இதற்கெல்லாம் நல்ல வழி. "நிறைய எண்ணெயில நீச்சலடிச்சாத்தான் வடை நல்லா வரும்" என்பது கடைக்காரர் கணக்கு. நாலு பேர் வீட்டுக்குச் சிறு சட்டியில் கால் லிட்டர் போதும்.

கடைகளுக்குச் சட்டமே இருக்கிறது. பொரித்த எண்ணெயில் கெட்டுப்போன பொருட்களின் மொத்த அளவு நூற்றுக்கு 25 பங்கைத் தாண்டினால் அதை மனிதருக்குப் பயன்படுத்தக் கூடாது. இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையத்தின் இந்த விதி 2018 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ளது. அதே ஆண்டு ஆகஸ்டில், பயன்படுத்திய எண்ணெயைச் சேகரித்து உயிரி டீசல் ஆக்கும் திட்டத்தையும் அந்த ஆணையம் தொடங்கியது. வீட்டில் அளக்கக் கருவி இல்லை. நிறம் கறுத்தது, கனத்தது, காறல் வாடை, பொடி நுரை, வழக்கத்தைவிடச் சீக்கிரம் புகைவது ஆகிய ஐந்தில் ஒன்று தெரிந்தாலும் நிறுத்திக்கொள்ளுங்கள்.

அப்படிக் கழித்த எண்ணெயை மாட்டுக்கும் வைக்காதீர்கள், சாக்கடையிலும் ஊற்றாதீர்கள். மண்வெட்டி, அரிவாள், கலப்பைக் கொழுவில் துரு ஏறாமல் தடவலாம். தோட்டத்தில் மஞ்சள் அட்டைப் பொறி வைப்பவர்கள் அதில் பூசலாம். சோப்புக் காய்ச்சத் தெரிந்தவர்களுக்கு இது நல்ல மூலப்பொருள்.

நல்ல எண்ணெய் களத்தில் தொடங்குகிறது

பருப்பைப் பற்றிப் பிறகு சொல்கிறேன் என்றேன். செக்கில் ஆட்டியதாலேயே எண்ணெய் நல்லதாகிவிடாது. சுத்திகரிப்பு ஆலைக்காரர் கெட்ட பருப்பின் குற்றத்தைக் காரமும் சூடும் வைத்து மறைத்துவிடுவார். நம்மிடம் அந்த வசதி இல்லை. பருப்பில் இருப்பதுதான் எண்ணெயில் வரும். அதனால் நாம் களத்திலேயே ஒழுங்காக இருந்தாக வேண்டும்.

மல்லாட்டை பிடுங்கும்போது காயில் 35 முதல் 40 சதவீதம் ஈரம் இருக்கும். இதை 8, 9 சதவீதத்துக்குக் கொண்டுவர வேண்டும். செடியைக் குப்புறக் கவிழ்த்து, காய் மேலே தெரியும்படி காயவிட்டுப் பறித்து, பிறகு களத்தில் மெல்லியதாகப் பரப்பிக் காய வையுங்கள். இரவில் குவித்து மூடுங்கள், பனி படக் கூடாது. காயை ஆட்டினால் கலகலவென்று சத்தம் வர வேண்டும். பருப்பை உடைத்தால் வளையாமல் டக்கென்று முறிய வேண்டும். தேய்த்தால் தோல் உரிய வேண்டும்.

ஈரம் மிஞ்சினால் இரண்டு கேடு. ஒன்று, பருப்புக்குள்ளேயே கொழுப்பு உடைந்து தனிக் கொழுப்பு அமிலம் ஏறும். அந்த எண்ணெய்தான் வாணலியில் வைத்ததும் புகைகிறது. இரண்டாவது, பூஞ்சை பிடிக்கும். அஸ்பெர்ஜில்லஸ் என்ற அந்தப் பூஞ்சை அஃப்ளாடாக்சின் என்ற நஞ்சை உண்டாக்குகிறது. ஈரலில் புற்றுநோய் உண்டாக்கக் கூடியது என்று உறுதி செய்யப்பட்ட நஞ்சு இது. பொரிக்கிற சூட்டிலும் அழியாது. பெரும்பங்கு புண்ணாக்கில் தங்கி, மாட்டுக்குப் போய், பாலிலும் வரும். மிச்சம் கசடோடு எண்ணெயில் வரும். இந்த நஞ்சைச் சுத்திகரிப்பு பெரும்பாலும் நீக்கிவிடும், செக்கு நீக்காது. இயற்கை எண்ணெய் விற்கிற நாம் கூச்சப்படாமல் பேச வேண்டிய விஷயம் இது.

வழி நம் கையில்தான் இருக்கிறது. உடைக்கும்போது பருப்பு நொறுங்காமல் இருக்கக் காய்மேல் தண்ணீர் தெளிக்கிற வழக்கத்தை விட்டுவிடுங்கள். ஆட்டுவதற்கு முன் சூம்பல், கறுத்தது, முளைத்தது, பூச்சி அடித்தது, பூஞ்சை பிடித்தது அத்தனையும் பொறுக்கி எடுங்கள். "எண்ணெய்க்குத்தானே, எது போட்டா என்ன" என்று கழிசல் பருப்பை ஆட்டக் கூடாது. நல்ல பருப்பைத் தின்னவும், சொத்தையைச் செக்குக்கும் என்கிற பழக்கம் தலைகீழாக மாற வேண்டும். காயாகவே வைத்திருந்து, தேவைக்கு உடைத்து, மாதத்துக்கு மாதம் ஆட்டுங்கள். ஏறக்குறைய இரண்டரை கிலோ பருப்புக்கு ஒரு லிட்டர் எண்ணெய் கிடைக்கும். ஒரு வீட்டின் ஒரு மாதத் தேவைக்கு ஆட்டுவது பெரிய வேலையில்லை.

வாங்குபவரிடம் என்ன சொல்வது?

விற்கிற ஒவ்வொரு பாட்டிலிலும் நாலு விஷயம் எழுதி ஒட்டுங்கள்: ஆட்டிய தேதி, எத்தனை நாள் தெளிய வைத்தது, எத்தனை மாதத்துக்குள் தீர்க்க வேண்டும், "பொரிக்க மிதமான தீ போதும்". வாய்ப்பு இருந்தால் ஒருமுறை ஆய்வகத்தில் தனிக் கொழுப்பு அமிலமும் அஃப்ளாடாக்சினும் பார்த்துக்கொள்ளுங்கள். அந்த முடிவை வாங்குபவரிடம் காட்டலாம். "எங்க எண்ணெயில என்ன வேணாலும் பண்ணுங்க" என்று சொல்வதைவிட, "இப்படிச் சுட்டா பொங்காது, புகையாது" என்று சொல்லிக் கொடுங்கள். அப்படிச் சொன்ன வீடுகளில் பாக்கெட் எண்ணெய் குறைந்ததை நான் பார்த்து வருகிறேன்.

அதோடு இதையும் சொல்லுங்கள்: எண்ணெய் நல்லது என்பதால் நாலு வடை கூடச் சாப்பிடலாம் என்று ஆகாது. பலகாரம் நாள் கிழமைக்கு உரியது. தினமும் பொரித்துத் தின்ன எந்தச் செக்கும் எண்ணெய் தராது.

ரேஷன் கடையில் பாமாயிலுக்குப் பதிலாகக் கடலை எண்ணெயும் தேங்காய் எண்ணெயும் நல்லெண்ணெயும் கொடுக்க வேண்டும் என்று உழவர் அமைப்புகள் நெடுநாளாகக் கேட்டு வருகின்றன. நாமும் கேட்கிறோம். அது நடக்கும்போது, ஏழை எளிய வீட்டு வாணலியில் ஊற்றப்போவது நம் எண்ணெய். அது நன்றாகக் காய்ந்த பருப்பின் எண்ணெயாக, தெளிந்த எண்ணெயாக இருக்க வேண்டும். அதற்கான வேலையை இந்தப் பட்டத்து அறுவடையிலேயே, களத்திலிருந்து தொடங்கிவிடலாம்.